ஏர்வாடித் தீயும் அறுபடாத சங்கிலியும்: மனநலம் பாதிக்கப்பட்டோரின் உரிமைகள், நமது கடமைகள்

2001 ஆகஸ்ட் 6. இராமநாதபுரம் மாவட்டம் ஏர்வாடியில், விடிவதற்கு முன்பே ஒரு கீற்றுக் கொட்டகை தீப்பிடித்து எரிந்தது. உள்ளே மனநலம் பாதிக்கப்பட்டவர்கள் நாற்பதுக்கும் மேற்பட்டோர் இருந்தனர். பெரும்பாலானோர் சங்கிலியால் பிணைக்கப்பட்டிருந்தனர். சங்கிலி தளர்வாக இருந்த சிலர் தப்பினர். மற்றவர்களால் ஓட முடியவில்லை. அன்றே 25 பேர் கருகி மாண்டனர். பின்னர் இறந்தவர்களையும் சேர்த்து எண்ணிக்கை 28 ஆனது. உடல்களை அடையாளம் காணக்கூட இயலாத நிலை. இன்னா லில்லாஹி வ இன்னா இலைஹி ராஜிஊன்.

இந்த 28 பேரைக் கொன்றது தீ மட்டுமல்ல, காலில் கிடந்த சங்கிலியும்தான். அந்தச் சங்கிலியைப் பூட்டியவர்கள் அதைக் கொடுமை என்று நினைக்கவில்லை. பாதுகாப்பு என்றே நினைத்தார்கள். கொண்டுவந்து விட்ட குடும்பத்தாரும் அப்படியே நம்பினார்கள். கால் நூற்றாண்டு ஆகப்போகும் இந்தத் துயரத்தை இன்றும் பேச வேண்டியிருப்பது இதனால்தான். சட்டம் மாறியிருக்கிறது, மருத்துவம் வளர்ந்திருக்கிறது. ஆனால் "கட்டிப்போட்டால்தான் அடங்குவான்" என்ற எண்ணம் நம் வீடுகளை விட்டு முழுமையாக வெளியேறிவிட்டதா?

ஏர்வாடியில் நடந்தது என்ன?

ஏர்வாடி, கீழக்கரையை அடுத்த கடற்கரைப் பகுதி ஊர். சுல்தான் சையத் இப்ராஹீம் ஷஹீத் பாதுஷா அவர்களின் அடக்கத்தலம் இங்கு உள்ளது. முஸ்லிம்கள் மட்டுமின்றி இந்துக்களும் கிறிஸ்தவர்களும் வந்து போகும் இடம். மனநோய்க்கு இங்கு குணம் கிடைக்கும் என்ற நம்பிக்கை நெடுங்காலமாக இருந்து வருகிறது. தமிழகத்தின் பல மாவட்டங்களிலிருந்தும் பிற மாநிலங்களிலிருந்தும் குடும்பங்கள் நோயாளியை அழைத்து வந்து வாரக்கணக்கில், மாதக்கணக்கில் தங்கும். ஊருக்குத் திரும்பிப் போகலாம் என்று கனவில் உத்தரவு வரும் வரை காத்திருப்போர் உண்டு.

எல்லாக் குடும்பங்களாலும் அப்படித் தங்க முடியாது. கூலி வேலையை விட்டுவிட்டு எத்தனை மாதம் இருப்பது? இந்த நெருக்கடியில்தான் தனியார் "மனநலக் காப்பகங்கள்" முளைத்தன. மாதாமாதம் பணம் அனுப்பினால் போதும், அவர்கள் பார்த்துக்கொள்வார்கள். பெரும்பாலானவை ஓலைக் கொட்டகைகள். மருத்துவர் இல்லை, மருந்து இல்லை, போதிய ஆட்களும் இல்லை. ஆள் பற்றாக்குறையை ஈடுகட்டியது சங்கிலிதான். தீப்பிடித்த மொய்தீன் பாதுஷா காப்பகம் அவற்றுள் ஒன்று.

விபத்து நடந்து ஒரு வாரத்தில், ஆகஸ்ட் 13 அன்று, இத்தகைய காப்பகங்கள் அனைத்தும் மூடப்பட்டன. 500க்கும் மேற்பட்டோர் அரசின் பராமரிப்புக்குக் கொண்டுவரப்பட்டனர். விசாரிக்க என்.ராமதாஸ் தலைமையில் ஆணையம் அமைக்கப்பட்டது. பத்திரிகைச் செய்திகளைக் கண்ட உச்ச நீதிமன்றம் தானாகவே முன்வந்து வழக்காக எடுத்துக்கொண்டது. மாநிலங்கள் தோறும் பதிவு பெறாத மனநலக் காப்பகங்களைக் கணக்கெடுக்கவும், மனநோயாளிகளைச் சங்கிலியால் கட்டுவது சட்டவிரோதம் என்பதை மக்களுக்கு எடுத்துச் சொல்லவும் உத்தரவிட்டது. காப்பக உரிமையாளருக்கும் அவரது மனைவிக்கும் உறவினர் இருவருக்கும் 2007ஆம் ஆண்டு 7 ஆண்டு சிறைத் தண்டனை விதிக்கப்பட்டது.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். தீ விபத்து நடந்தபோது சட்டம் இல்லாமல் இல்லை. 1987ஆம் ஆண்டின் மனநலச் சட்டம் நடைமுறையில் இருந்தது. மனநலக் காப்பகம் நடத்த உரிமம் பெற வேண்டும் என்று அது சொன்னது. மனநோயாளியை இழிவாகவோ கொடூரமாகவோ நடத்தக்கூடாது என்றும் சொன்னது. ஏட்டில் சட்டம் இருந்தது, காலில் சங்கிலியும் இருந்தது. சட்டம் எழுதுவதோடு வேலை முடிந்துவிடாது என்பதற்கு ஏர்வாடியை விட வேறு சாட்சி தேவையில்லை.

இது ஒரு சமயத்தாரின் பிரச்சனையா?

ஏர்வாடி என்றதும் சிலர் முஸ்லிம் சமுதாயத்தை நோக்கி விரல் நீட்டினார்கள். அது நியாயமல்ல. திருச்சி அருகே குணசீலம் பெருமாள் கோயிலில் மனநோயாளிகள் 48 நாட்கள் தங்கும் வழக்கம் உண்டு. தேவாலயங்களுக்கும் இதே நம்பிக்கையோடு மக்கள் செல்கிறார்கள். 2018 இறுதியில் உத்தரப் பிரதேசம் பதாயூனில் மனநோயாளிகள் சங்கிலியில் கட்டப்பட்டிருந்த விவகாரம் உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. மனிதரைச் சங்கிலியால் பிணைப்பது கொடூரமானது, மனிதத்தன்மையற்றது என்று 2019 ஜனவரியில் நீதிமன்றம் கண்டித்தது.

உலக அளவிலும் இதே நிலைதான். ஹியூமன் ரைட்ஸ் வாட்ச் அமைப்பு 2020இல் வெளியிட்ட அறிக்கை, ஆசியா, ஆப்பிரிக்கா, ஐரோப்பா, மத்தியக் கிழக்கு, அமெரிக்கக் கண்டங்கள் என ஏறத்தாழ 60 நாடுகளில் மனநலம் பாதிக்கப்பட்டோரைக் கட்டிவைக்கும் வழக்கம் இருப்பதைப் பதிவு செய்தது. முஸ்லிம்கள் அதிகம் வாழும் இந்தோனேசியாவில் இதற்கு "பாசுங்" என்று பெயர். மரக்கட்டையில் காலைப் பூட்டி வைப்பது, சிறு அறையில் அடைத்து வைப்பது எல்லாம் இதில் அடக்கம். அந்நாடு 1977லேயே இதைத் தடை செய்தது. ஆனாலும் முற்றாக ஒழியவில்லை.

சமயம் வேறு, மொழி வேறு, நாடு வேறு. காரணம் மட்டும் எங்கும் ஒன்றுதான்: கைக்கெட்டும் தூரத்தில் மருத்துவம் இல்லை, குடும்பத்துக்குத் துணை இல்லை, அக்கம்பக்கத்தின் பேச்சுக்கு அச்சம். 2015–16இல் நடத்தப்பட்ட தேசிய மனநல ஆய்வின்படி, இந்தியாவில் மனநலச் சிக்கல் உள்ளோரில் சிகிச்சை கிடைக்காதவர்களின் பங்கு, நோயின் வகையைப் பொறுத்து, 70 முதல் 92 விழுக்காடு வரை இருக்கிறது. சிகிச்சை எட்டாத வீட்டில்தான் சங்கிலி நுழைகிறது.

இஸ்லாம் காட்டும் வழி

தர்காவுக்குச் செல்வது கூடுமா, கூடாதா என்ற மார்க்க விவாதம் இந்தக் கட்டுரையின் நோக்கமல்ல. அதில் எந்தக் கருத்தை உடையவராக இருந்தாலும் ஒன்றில் நாம் அனைவரும் உடன்படுவோம். நோயாளியை விலங்கிடுவதற்கு மார்க்கத்தில் ஆதாரம் இல்லை. அவரைக் கண்ணியப்படுத்துவதற்கோ ஆதாரங்கள் நிறைய உள்ளன.

திருக்குர்ஆனின் 4ஆவது அத்தியாயம் 5ஆவது வசனம், பொருளைக் கையாளும் பக்குவம் இல்லாதவர்களைப் பற்றிப் பேசுகிறது. சொத்தை அவர்கள் கையில் விட்டுவிட வேண்டாம் என்று சொல்வதோடு அது நிற்கவில்லை. அவர்களுக்கு உணவளிக்க வேண்டும், உடையளிக்க வேண்டும், நல்ல முறையில் பேச வேண்டும் என்று மூன்று கடமைகளையும் சேர்த்தே விதிக்கிறது. வயிற்றுக்கும் உடலுக்கும் மட்டுமல்ல, பேசும் பேச்சுக்கும் அங்கே இடம் இருக்கிறது. மனநலம் பாதிக்கப்பட்டவரிடம் நம் வீட்டில் யார், எப்படிப் பேசுகிறோம் என்பதை இந்த வசனத்தோடு ஒப்பிட்டுப் பார்க்கலாம்.

80ஆவது அத்தியாயமான அபஸ, பார்வையற்ற நபித்தோழர் அப்துல்லாஹ் இப்னு உம்மி மக்தூம் (ரலி) அவர்களை முன்னிட்டு இறங்கியது. குரைஷித் தலைவர்களுடன் பேசிக்கொண்டிருந்த நேரத்தில் அவர் குறுக்கிட்டபோது நபி (ஸல்) அவர்கள் முகம் சுளித்ததை அல்லாஹ் கண்டித்துத் திருத்தினான். பின்னாளில் அதே இப்னு உம்மி மக்தூம் (ரலி) மஸ்ஜிதுந் நபவியின் முஅத்தின்களில் ஒருவராக இருந்தார். நபி (ஸல்) அவர்கள் பயணம் சென்ற வேளைகளில் மதீனாவின் பொறுப்பும் அவரிடம் ஒப்படைக்கப்பட்டது. மாற்றுத்திறனாளிக்கு அனுதாபம் மட்டும் போதாது, பொறுப்பும் கொடுக்க வேண்டும் என்ற பாடம் இதில் உள்ளது.

மதீனாவில் புத்தியில் சற்றுக் குறை இருந்த ஒரு பெண், நபி (ஸல்) அவர்களிடம் தமக்கு ஒரு தேவை இருப்பதாகச் சொன்னார். எந்தத் தெருவில் நின்று பேச விரும்புகிறாரோ அதை அவரே தேர்ந்தெடுக்கட்டும் என்று சொல்லி, அவர் தம் தேவையைச் சொல்லி முடிக்கும் வரை நபி (ஸல்) அவர்கள் உடன் நின்றார்கள். அனஸ் (ரலி) அறிவிக்கும் இச்செய்தி ஸஹீஹ் முஸ்லிமில் இடம்பெற்றுள்ளது. ஊரின் தலைவர், "இவளுக்கு என்ன தெரியும்" என்று ஒதுக்கவில்லை. இடத்தைத் தேர்வு செய்யும் உரிமையை அவரிடமே கொடுத்தார். மனநலம் பாதிக்கப்பட்டவரின் விருப்பத்தைக் கேட்க வேண்டும் என்று இன்றைய சட்டங்கள் சொல்வதன் சாரம் இதில் இருக்கிறது.

வலிப்பு நோய் கொண்ட பெண்மணி பற்றிய செய்தி புகாரியிலும் முஸ்லிமிலும் உள்ளது. பொறுமை கொண்டால் சுவனம் உண்டு என்ற நற்செய்தியை அவர் ஏற்றுக்கொண்டார். ஆனால் வலிப்பு வரும்போது தம் ஆடை விலகிவிடக்கூடாது என்று துஆ செய்யுமாறு வேண்டினார். நபி (ஸல்) அவர்களும் அதற்காக துஆ செய்தார்கள். நோயை விட மானம் அவருக்குப் பெரிதாக இருந்தது. தெருவில் ஆடை விலகிக் கிடக்கும் மனநோயாளியைப் பார்த்துக் கடந்து போகும்போதும், அதைக் கைபேசியில் படம் பிடிக்கும்போதும் இந்தப் பெண்மணி நம் நினைவுக்கு வர வேண்டும்.

புத்தி தெளியும் வரை மனநோயாளியின் செயல்கள் எழுதப்படுவதில்லை என்ற நபிமொழி பரவலாக அறியப்பட்டது. அல்லாஹ்வே குற்றம் பிடிக்காத ஒருவரை நாம் தண்டிப்பது எப்படித் தகும்? மருத்துவம் செய்துகொள்ளுமாறு நபி (ஸல்) அவர்கள் ஏவியிருப்பதும், நிவாரணம் இல்லாத நோயை அல்லாஹ் இறக்கவில்லை என்று அறிவித்திருப்பதும் நாம் அறிந்தவையே. எனவே துஆவும் மருந்தும் எதிரெதிரானவை அல்ல. மருந்தைத் தேடுவதும் தவக்குலில் சேர்ந்ததுதான்.

முஸ்லிம் உலகின் மருத்துவமனைகள்

இது வெறும் உபதேசமாக நின்றுவிடவில்லை. உமையா கலீஃபா முதலாம் வலீத், ஹிஜ்ரி 88இல் (கி.பி. 707) தொழுநோயாளிகளுக்கு உதவித்தொகையும், நடக்க இயலாதவர்களுக்குப் பணியாளும், பார்வையற்றவர்களுக்கு வழிகாட்டியும் ஏற்பாடு செய்ததாக வரலாற்றாசிரியர்கள் எழுதுகிறார்கள். பத்தாம் நூற்றாண்டில் வாழ்ந்த அபூ ஸைத் அல்பல்கீ, உடல் நலத்தையும் உள நலத்தையும் இணைத்து நூல் எழுதினார். 1284இல் கெய்ரோவில் சுல்தான் கலாவூன் கட்டிய மன்சூரி மருத்துவமனையில் மனநோயாளிகளுக்கெனத் தனிப் பகுதி இருந்தது. 1488இல் எதிர்னேயில் சுல்தான் இரண்டாம் பாயஸீத் அமைத்த மருத்துவமனையில் இசையும் நீரோசையும் மனநோய்ச் சிகிச்சையில் பயன்பட்டன. இவை வக்ஃப் சொத்துகளின் வருமானத்தில் இயங்கின. அன்று மனநோயாளிக்கு மருத்துவமனை கட்டிய அதே வக்ஃப், இன்று நம் ஊர்களில் அவர்களுக்கு என்ன செய்கிறது என்ற கேள்வி நியாயமானது.

இன்றைய சட்டம் என்ன சொல்கிறது?

மாற்றுத்திறனாளிகளின் உரிமைகளுக்கான ஐ.நா. உடன்படிக்கை 2006 டிசம்பர் 13 அன்று ஏற்கப்பட்டது. இந்தியா 2007 அக்டோபர் 1 அன்று அதை உறுதி செய்தது. அதன் பயனாக இரு சட்டங்கள் வந்தன.

முதலாவது, மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 2016. 1995ஆம் ஆண்டுச் சட்டத்தில் 7 வகையாக இருந்த குறைபாடுகள் இதில் 21 ஆக உயர்ந்தன. மனநோய், அறிவுசார் குறைபாடு, ஆட்டிசம், கற்றல் குறைபாடு ஆகியவை தனித்தனியாக இடம்பெற்றுள்ளன. மனநோயும் அறிவுசார் குறைபாடும் ஒன்றல்ல. மனநோய் எந்த வயதிலும் வரலாம், மருந்தால் பெரும்பாலும் கட்டுப்படும். அறிவுசார் குறைபாடு வளரும் பருவத்திலேயே தோன்றுவது, அதற்குச் சிறப்புக் கல்வியும் பயிற்சியும் தேவை. இரண்டுக்கும் ஒரே பெயர் சூட்டி ஒரே மூலையில் உட்கார வைப்பது நம் பழைய தவறு. 40 விழுக்காடும் அதற்கு மேலும் குறைபாடு உள்ளோருக்கு அரசு வேலையில் 4 விழுக்காடும், அரசு மற்றும் அரசு உதவி பெறும் உயர்கல்வி நிறுவனங்களில் 5 விழுக்காடும் இடஒதுக்கீடு உண்டு. மாற்றுத்திறனாளியைப் பொது இடத்தில் வேண்டுமென்றே இழிவுபடுத்துவோருக்கு 6 மாதம் முதல் 5 ஆண்டு வரை சிறைத் தண்டனை விதிக்க இச்சட்டத்தின் 92ஆவது பிரிவு இடம் தருகிறது.

இரண்டாவது, மனநலப் பராமரிப்புச் சட்டம் 2017. இது 2018இல் நடைமுறைக்கு வந்தது. ஒவ்வொரு குடும்பமும் தெரிந்துகொள்ள வேண்டியவை இவை:

1. மனநோயாளியை எந்த முறையிலும், எந்த வடிவத்திலும் சங்கிலியால் கட்டக்கூடாது (பிரிவு 95). "அவர் நன்மைக்காகத்தான் கட்டினோம்" என்பதற்கு இதில் விலக்கு இல்லை.

2. தனிமை அறையில் அடைப்பதும் கூடாது. உடலைக் கட்டுப்படுத்துவது, உடனடி ஆபத்தைத் தடுக்க வேறு வழியே இல்லாதபோது, மனநல மருத்துவரின் அனுமதியோடு, தேவையான நேரத்துக்கு மட்டும். ஆள் பற்றாக்குறையைக் காரணம் காட்டியோ தண்டனையாகவோ அதைச் செய்யக்கூடாது (பிரிவு 97).

3. அரசு நடத்தும் அல்லது அரசு நிதியில் இயங்கும் மனநலச் சேவையைப் பெறுவது ஒவ்வொருவரின் உரிமை. வறுமைக் கோட்டுக்குக் கீழுள்ளோருக்கு இது இலவசம் (பிரிவு 18).

4. சமூகத்தோடு சேர்ந்து வாழ்வது உரிமை. குடும்பம் ஏற்கவில்லை, தங்க வீடு இல்லை என்பதற்காக ஒருவரை மனநல மருத்துவமனையிலேயே வைத்திருக்கக்கூடாது (பிரிவு 19).

5. தமக்கு எப்படிச் சிகிச்சை தர வேண்டும், எப்படித் தரக்கூடாது என்பதை ஒருவர் தெளிவாக இருக்கும்போதே எழுதி வைக்கலாம். தம் சார்பில் முடிவெடுக்க ஒருவரை நியமிக்கவும் செய்யலாம்.

6. ஒரு மனநோயாளி கொடுமைக்குள்ளாவதாகவோ கவனிப்பின்றி விடப்பட்டதாகவோ அறிந்தால் எவரும் காவல் நிலையத்தில் தெரிவிக்க வேண்டும். காவல்துறை அதை நீதித்துறை நடுவருக்குத் தெரிவிக்க வேண்டும் (பிரிவு 101).

7. தெருவில் அலையும் மனநோயாளியைக் காவல்துறை பாதுகாப்பில் எடுத்து 24 மணி நேரத்துக்குள் அரசு மருத்துவ நிலையத்தில் சேர்க்க வேண்டும். லாக்கப்பிலோ சிறையிலோ வைக்கக்கூடாது (பிரிவு 100).

8. சட்டத்தை மீறினால் முதல் முறை 6 மாதம் வரை சிறை அல்லது 10,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். மீண்டும் மீறினால் 2 ஆண்டு வரை சிறை (பிரிவு 108).

மனநோய் இருக்கிறது என்பதாலேயே ஒருவர் எந்த முடிவும் எடுக்கத் தகுதியற்றவர் என்று ஆகிவிடாது. சொத்து, திருமணம், வாக்கு ஆகியவற்றில் அவசரமாக "பைத்தியம்" என்று முத்திரை குத்தி உரிமையைப் பறிக்கும் உறவினர்கள் இதை நினைவில் கொள்ள வேண்டும்.

மணவூரில் ஒரு குடும்பம் என்ன செய்யலாம்?

சட்டப் பிரிவுகளைப் படிப்பது ஒன்று, வீட்டில் ஒருவருக்கு நோய் வந்தால் எங்கே போவது என்பது வேறு. திருத்தணிப் பகுதியில், ஆந்திர எல்லைக்கு அதிகத் தொலைவில்லாத மணவூரை எடுத்துக்கொள்வோம். இங்கிருந்து ஏர்வாடி, தமிழகத்தின் மறுகோடி. அவ்வளவு தூரம் சென்று நோயாளியை யாரிடமோ ஒப்படைத்துவிட்டுத் திரும்பினால், அடுத்து அவருக்கு என்ன நடக்கிறது என்பதைக் கண்காணிக்க வழியில்லை. ஏர்வாடியில் நடந்ததும் அதுதான். குடும்பம் ஓர் ஊரில், நோயாளி வேறு ஊரில், இடையில் மாதாந்திரப் பணம் மட்டும்.

உதவியோ பக்கத்திலேயே இருக்கிறது. முதல் படி ஒரு தொலைபேசி அழைப்பு. 14416 என்ற டெலிமானஸ் எண், 2022 அக்டோபரில் தொடங்கப்பட்டது. கட்டணம் இல்லை, தமிழில் பேசலாம். தமிழக அரசின் 104 எண்ணிலும் ஆலோசனை கிடைக்கும். அடுத்து, மாவட்ட மனநலத் திட்டம். 1996இல் நாட்டிலேயே முதலில் இத்திட்டம் தொடங்கப்பட்ட மாவட்டங்களில் திருச்சியும் ஒன்று. பிறகு தமிழகம் முழுவதும் விரிந்தது. திருத்தணி, திருவள்ளூர் அரசு மருத்துவமனைகளில் மனநல மருத்துவர் எந்த நாளில் இருப்பார் என்று கேட்டுச் செல்லலாம். ஊரின் ஆரம்ப சுகாதார நிலையத்தில் கேட்டாலே வழி சொல்வார்கள். தீவிர நிலையில், சென்னை–அரக்கோணம் புறநகர் ரயில் பாதையில் மணவூர் இருப்பதால், 1794இல் தொடங்கி இரு நூற்றாண்டுகளுக்கும் மேலாக இயங்கும் சென்னை கீழ்ப்பாக்கம் அரசு மனநலக் காப்பகத்துக்குக் காலையில் சென்று மாலையில் திரும்பிவிடலாம். சென்னையில் டாக்டர் சாரதா மேனன் 1984இல் தொடங்கிய ஸ்கார்ஃப், 1993இல் தொடங்கப்பட்ட பான்யன் ஆகிய தொண்டு நிறுவனங்களும் பணியாற்றுகின்றன. தெருவில் கைவிடப்பட்ட பெண்களுக்கு அடைக்கலமும் சிகிச்சையும் தருவதற்காகத் தொடங்கப்பட்டது பான்யன்.

மருந்து தொடங்கிய பின் நிறுத்துவதில்தான் பலர் தவறுகிறார்கள். இரண்டு மாதத்தில் தெளிவு வந்ததும், "குணமாகிவிட்டது" என்று மாத்திரையை விட்டுவிடுவது, பிறகு நோய் திரும்பியதும் "மருந்து பலிக்கவில்லை" என்பது. நீரிழிவுக்கும் இரத்த அழுத்தத்துக்கும் நெடுநாள் மருந்து சாப்பிடுவதைப் போலத்தான் இதுவும். மருத்துவர் சொல்லாமல் நிறுத்தக்கூடாது.

சிகிச்சையோடு உரிமைகளையும் கேட்டுப் பெற வேண்டும். அரசு மருத்துவக் குழு பரிசோதித்துப் பாதிப்பு இருப்பதாகச் சான்றளித்தால் தனித்துவ அடையாள அட்டை கிடைக்கும். இது நாடு முழுவதும் செல்லும். எல்லைக்கு அப்பால் சித்தூர், புத்தூர் பக்கம் உறவும் வேலையும் உள்ள குடும்பங்களுக்கு இது பெரிய வசதி. எந்த உதவித்தொகைக்குத் தகுதி உண்டு என்பதை மாவட்ட மாற்றுத்திறனாளிகள் நல அலுவலகத்தில் கேட்டறியலாம். ஆட்டிசம், மூளை முடக்குவாதம், அறிவுசார் குறைபாடு, பல்வகைக் குறைபாடு உள்ளவர்கள் 18 வயதைக் கடந்த பின், அவர்களுக்குச் சட்டப்பூர்வப் பாதுகாவலரை நியமிக்க 1999ஆம் ஆண்டின் தேசிய அறக்கட்டளைச் சட்டப்படி மாவட்ட ஆட்சியர் தலைமையிலான குழுவிடம் விண்ணப்பிக்கலாம். "எங்களுக்குப் பிறகு இவனை யார் பார்ப்பது" என்று கண்ணீர் விடும் பெற்றோர் அவசியம் அறிய வேண்டிய ஏற்பாடு இது.

துஆவோடு மருந்தும்

ஏர்வாடியிலிருந்தே ஒரு நல்ல செய்தியும் உண்டு. "தவா–துவா" என்ற பெயரில், அதாவது மருந்தும் துஆவும் என்று, தர்கா வளாகத்தோடு இணைந்து அரசு மனநலச் சிகிச்சை அளிக்கும் திட்டம் அங்கு வந்தது. குஜராத்தின் உனாவா ஊரில் உள்ள மீரா தாதார் தர்காவில் முன்பே நடந்து வந்த முயற்சி இதற்கு முன்மாதிரி. அங்கே துஆ கேட்க வருவோரை மருத்துவரிடம் அனுப்புகிறவர்கள் தர்காவின் முஜாவர்களே. நம்பிக்கையைப் பழித்து விரட்டினால் மக்கள் மருத்துவத்தை விட்டு இன்னும் தூரம் போவார்கள். நம்பிக்கை உள்ள இடத்துக்கே மருத்துவர் சென்றால் சங்கிலிக்கு அங்கே வேலையில்லை.

வழிபாட்டுத் தலத்தில் அமைதியும், உடன் இருக்கும் சொந்தமும், வேளைக்கு உணவும் நோயாளிக்கு ஆறுதல் தருகின்றன என்பதையும் மறுக்க வேண்டியதில்லை. தமிழகத்தில் ஒரு முத்துசாமி கோயிலில் தங்கியிருந்த 31 மனநோயாளிகளை ஆராய்ந்த மருத்துவர்கள், சராசரியாக ஆறு வாரத் தங்கலில் அவர்களது நோய்க்குறிகள் ஏறத்தாழ 20 விழுக்காடு குறைந்ததைப் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலில் 2002இல் எழுதினார்கள். ஆதரவான சூழலே இதற்குக் காரணமாக இருக்கலாம் என்பது அவர்களின் கருத்து. அன்பும் அரவணைப்பும் மருந்துக்குத் துணை நிற்கும். சங்கிலி எதற்கும் துணை நிற்காது.

ஜமாஅத்துகள் செய்ய வேண்டியவை

நம் பள்ளிவாசல்களும் ஜமாஅத்துகளும் செய்யக்கூடியவை பல உள்ளன. பெரிய நிதி தேவைப்படாதவையே அதிகம்.

ஆண்டுக்கு ஒரு ஜும்ஆ உரையையாவது மனநலம் பற்றி அமைத்துக்கொள்ளலாம். மனநோய், ஈமான் குறைவின் அடையாளம் அல்ல என்று மிம்பரிலிருந்து ஒருமுறை சொன்னாலே பல வீடுகளில் மூடிய கதவு திறக்கும். மஹல்லாவில் உள்ள மாற்றுத்திறனாளிகளைக் கணக்கெடுத்து, அடையாள அட்டை இல்லாதவர்களுக்கு விண்ணப்பிக்க இளைஞர்கள் உதவலாம். மருத்துவமனைக்கு அழைத்துச் செல்ல ஆளில்லாத தாய்மார்களுக்கு மாதம் ஒரு நாள் துணைக்குச் செல்லலாம். தகுதியுள்ள குடும்பங்களுக்கு ஜகாத்திலிருந்து போக்குவரத்துச் செலவும், ஒரு வேளை வருமானம் இழப்பதற்கு ஈடும் கொடுக்கலாம். பள்ளிவாசல் வாசலில் சாய்தளம், ஒளூ செய்யும் இடத்தில் பிடிமானம், நாற்காலி ஆகியவை சின்ன வேலைகள். இவை இல்லாததால் ஜமாஅத் தொழுகையை இழந்தவர்கள் நம் ஊரிலேயே இருக்கிறார்கள்.

எங்கேனும் ஒருவர் கட்டிவைக்கப்பட்டிருப்பது தெரிந்தால், முதலில் அந்தக் குடும்பத்திடம் போய் உட்கார்ந்து பேச வேண்டும். பெரும்பாலும் அங்கே இருப்பது கொடூரம் அல்ல, களைப்பு. பல ஆண்டுகள் தூங்காத ஒரு தாய், வேலைக்குப் போக வேண்டிய ஓர் அண்ணன். அவர்களுக்கு மருத்துவரைக் காட்டி, பாரத்தைப் பகிர்ந்துகொண்டால் சங்கிலியை அவர்களே கழற்றிவிடுவார்கள். அதற்கும் இணங்காவிட்டால், வேண்டுமென்றே கொடுமை நடந்தால், காவல்துறைக்குச் சொல்வது சட்டக் கடமை. அநீதியைக் கண்டால் தடுக்க வேண்டும் என்பது மார்க்கக் கடமையும் கூட.

2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி இந்தியாவில் 2.68 கோடி மாற்றுத்திறனாளிகள். தமிழகத்தில் மட்டும் ஏறத்தாழ 11.8 லட்சம் பேர். சட்டத்தில் குறைபாடுகள் 7 வகையாக மட்டும் இருந்த காலத்தின் கணக்கு இது. 21 வகைகளையும் சேர்த்தால் எண்ணிக்கை இன்னும் கூடும். இவர்கள் எங்கோ இருப்பவர்கள் அல்ல. நம் ஸஃப்பில், நம் தெருவில், நம் வீட்டின் உள்ளறையில் இருப்பவர்கள்.

ஏர்வாடியில் மாண்ட 28 பேருக்கும் ஒரு தாய் இருந்தார், ஓர் ஊர் இருந்தது. அந்த ஊரிலேயே ஒரு மருத்துவரும், துணைக்கு நான்கு பேரும் இருந்திருந்தால் அவர்கள் அந்தக் கொட்டகைக்குப் போயிருக்க வேண்டியதில்லை. நம் மஹல்லாவில் அந்த நான்கு பேராக நாம் இருக்க முடியும்.

பலவீனர்களின் உரிமையைப் பேணி, அவர்களைக் கண்ணியத்தோடு அரவணைக்கும் சமுதாயமாக அல்லாஹ் நம்மை ஆக்கி வைப்பானாக! ஆமீன்.